கில்மான் தின்ற பழம்

சாங்ஜு என்ற ஊரின் மலையடிவாரத்தில் பழம் சீவும் காலம் வந்துவிட்டால் கையைப் பார்த்து ஆளை அடையாளம் சொல்ல முடியாது. எல்லார் கையும் ஒரே கறுப்பு. பார்க்கத் தக்காளி மாதிரி இருக்கிற பெர்சிமன் காயின் துவர்ப்புக் கறை சோப்புக்கும் போகாது, சாம்பலுக்கும் போகாது. முதல் உறைபனி விழுவதற்குள் மரத்தில் இருக்கிற காயெல்லாம் இறங்கியாக வேண்டும். இறங்கியதைத் தோல் சீவி, காம்பில் கொக்கி மாட்டி, கொட்டகையில் சரம் சரமாகத் தொங்கவிட்டால் அப்புறம் காற்றின் பாடு. மலைக்காற்று உலர்வாக வீசினால் பழம் சுருங்கி, சர்க்கரை பூத்து, நல்ல விலைக்குப் போகும். மூட்டம் போட்டு மழை பிடித்துக்கொண்டால் பூசணந்தான்.

அப்படியொரு பழக்காலத்தில்தான் கில்மானுக்கு வயிறு அடைத்துக்கொண்டது.

ஊரில் ஒருத்தரும் ஏன் என்று கேட்கவில்லை. பழக்கொட்டகைக்காரன் வயிறு வேறு எதனால் அடைக்கும்? பழத்தை அளவு மீறித் தின்றால் துவர்ப்பு உள்ளே இறுகிக் கல்லாகிவிடும் என்பது அங்கே எல்லாருக்கும் தெரிந்த சங்கதி. கீழ்த்தெருவில் ஒருத்தர் வயிற்றிலிருந்து வாத்து முட்டை பருமனில் அப்படி ஒரு கல்லை எடுத்து ஊரே வேடிக்கை பார்த்திருக்கிறது.

கில்மானுக்கு இது ஒரே நாளில் வந்ததல்ல. போன பழக்காலம் முடிந்ததிலிருந்தே அவ்வப்போது வயிறு கயிறு முறுக்கின மாதிரி முறுக்கும். சாப்பிட்டுக் கொஞ்ச நேரத்துக்கெல்லாம் தொப்புளுக்குப் பக்கத்தில் ஒரு மேடு எழும்பும். கடகடவென்று சத்தம் கேட்கும். அவர் சுவரில் முதுகைச் சாய்த்துக் காலை மடக்கிக்கொண்டு கிடப்பார். பிறகு தானாகவே அவிழ்ந்துவிடும். மறுநாள் ஏணி போட்டு மரம் ஏறுவார்.

அவர் மனைவி போங்ரேக்குச் சந்தேகம் விழுந்தது அந்த மரம் ஏறுவதில்தான்.

"நோயின்னா நோயா இருக்கணும். வர்றதும் போறதுமா இருந்தா அதுக்குப் பேரு நோய் இல்லே, வாய்க்கொழுப்பு" என்பாள்.

"நான் பழத்தைத் தொடலைடி."

"அப்போ பழம் உங்களைத் தொட்டுச்சா?"

டவுனில் இருந்த சின்ன ஆஸ்பத்திரியிலும் முதலில் கேட்டது "பழம் சாப்பிட்டீங்களா?" என்றுதான். கில்மான் இல்லையென்று சொல்ல வாயைத் திறக்குமுன் பின்னாலிருந்து போங்ரே, "சாப்பிட்டாரு" என்றாள். கோலா குடித்தால் பழக்கட்டி கரையும் என்று யாரோ சொன்னார்கள். வருஷம் முழுக்க, மருந்து குடிக்கிற முகத்தோடு அந்தக் கறுப்புச் சோடாவைக் குடித்துக்கொண்டிருந்தார் மனுஷன். ஆள் மட்டும் இளைத்துக்கொண்டே வந்தார். பெல்ட்டில் புதுசாக ஓட்டை போட வேண்டியிருந்தது.

எதிர்வீட்டில் இருந்த கில்மானின் அக்கா மல்சூனுக்கு இது இன்னொரு வழியில் வசதியாகப் போயிற்று. புருஷன் போனபின் பழக்காலத்தில் தம்பி கொட்டகைதான் அவளுக்கு ராஜ்ஜியம். போங்ரேயை இத்தனை வருஷத்தில் ஒருநாளும் பேர் சொல்லி அழைத்ததில்லை. பிறந்த ஊரை வைத்து 'ஹம்ச்சாங்காரி' என்றுதான் கூப்பிடுவாள்.

"ஹம்ச்சாங்காரி, வீட்டுல சோறு வாய்க்கு விளங்குனா ஆம்பிளை ஏன் பழத்தைத் திருடித் திங்கிறான்? எங்க அம்மா கையில சாப்பிட்ட வரைக்கும் என் தம்பிக்கு ஒரு தலைவலி வந்ததில்லே."

போங்ரே வாங்கிக்கொண்டதை அப்படியே புருஷன் தலையில் இறக்கி வைப்பாள்.

வயிறு அடைத்துக்கொண்ட அன்றைக்குக் காலையிலும் அதுதான் நடந்தது. சீவுகிற மிஷின் ஓடிக்கொண்டிருந்தது. கில்மான் காயை மாட்டுவதும் எடுப்பதுமாக ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். தோல் நாடா நாடாவாகக் கூடையில் விழுந்தது. பெண்கள் வட்டமாக உட்கார்ந்து கொக்கி மாட்டிக்கொண்டிருந்தார்கள்.

"என்னங்க, வாய் அசையுது?" என்றாள் போங்ரே.

"எச்சி முழுங்கினேன். அதுக்கும் உன்கிட்ட உத்தரவு வாங்கணுமா?"

"எச்சியா, எச்சிப் பழமா?"

கொக்கி மாட்டிக்கொண்டிருந்த பக்கத்துவீட்டு யாங்கும் மூக்கால் சிரித்தாள். "பாவம், விடு போங்ரே. வாய்க்குப் பூட்டா போட முடியும்?"

"பூட்டு இருந்தா போட்டிருப்பேன்."

எல்லாரும் சிரித்தார்கள். கில்மானும் சிரிக்கத்தான் பார்த்தார். சிரிப்பு பாதியில் நின்று, கையிலிருந்த காய் உருண்டது. ஸ்டூலிலிருந்து மெதுவாகச் சரிந்து தோல் கூடைமேல் குப்புற விழுந்தார். எடுத்த வாந்தி பச்சையாக இருந்தது. இந்த முறை முறுக்கு அவிழவில்லை. வயிறு தவில் மாதிரி விறைத்துப் போயிருந்தது. தொட்டால் கத்தினார்.

மிஷினை நிறுத்தக்கூடத் தோன்றாமல் யாங்குமின் சரக்கு வண்டியில் அவரைக் கிடத்தினார்கள். டவுன் ஆஸ்பத்திரியில் பார்த்ததும், இங்கே ஆகாது, தேகு நகரத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கள் என்று ஆம்புலன்ஸில் ஏற்றிவிட்டார்கள்.

தேகுவில் அவர் மூக்கு வழியாக ஒரு குழாயை விட்டார்கள். குடலில் தேங்கியதெல்லாம் அதன் வழியே ஒரு பைக்கு வடிந்தது. பிறகு ஸ்கேன். சர்ஜன் டாக்டர் கூக் என்ற பெண்மணி. நாற்பதைத் தாண்டியிருப்பாள், குரலில் அவசரமே கிடையாது. போங்ரேயையும் கூடவே வந்திருந்த மல்சூனையும் கூப்பிட்டு உட்கார வைத்துக் கம்ப்யூட்டரில் படத்தைக் காட்டினாள். மல்சூன் திரையைப் பார்க்கவே இல்லை. போங்ரே நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டாள். எதையும் கண்ணால் பார்த்துவிட வேண்டும் அவளுக்கு. கோழி அறுத்தால்கூட உள்ளே முட்டை எந்த வரிசையில் இருக்கிறது என்று நின்று பார்த்துவிட்டுத்தான் கழுவப் போவாள்.

"இது என்னம்மா, வெங்காயத்தைக் குறுக்கே வெட்டினாப்ல வளையம் வளையமா?"

"நல்லாவே பாக்கறீங்க" என்றாள் டாக்டர். "சட்டையைக் கழட்டறப்போ கை உள்பக்கமா இழுத்துக்கும் பாருங்க. அந்த மாதிரி குடல்ல ஒரு பாகம் அடுத்த பாகத்துக்குள்ள போய்ச் சொருகிக்கிச்சு. இத்தனை நாளா சொருகிச் சொருகி, தானா வெளியே வந்திருக்கும். இப்போ வர முடியாம மாட்டிக்கிச்சு."

"அதான் வந்து வந்து போச்சா!" போங்ரேக்கு வாய் தானாகத் திறந்துகொண்டது.

"குழந்தைங்களுக்குச் சும்மாவே இப்படி வர்றதுண்டு. பெரியவங்களுக்குச் சும்மா வராது. எதுவோ ஒண்ணு முன்னாடி நின்னு குடலை இழுத்துட்டுப் போயிருக்கணும். இந்தா, இந்த உருண்டை."

"பழந்தானே?" என்றாள் மல்சூன், சுவரைப் பார்த்தபடி.

"பழக்கட்டியாவும் இருக்கலாம், உங்க பக்கத்து ஆளுங்ககிட்ட நிறையப் பாக்கறோம். ஆனா இது குடல் சுவத்தோட ஒட்டின மாதிரி தெரியுது. அப்படின்னா அது உடம்புல முளைச்ச கட்டி. திறந்து பாத்தாத்தான் சொல்ல முடியும்."

"கட்டின்னா…" போங்ரே ஆரம்பித்துவிட்டு நிறுத்தினாள்.

"அதையும் பாத்துட்டுத்தான் சொல்ல முடியும்."

ஆபரேஷனுக்குக் கொண்டுபோகுமுன் கொஞ்ச நேரம் கிடைத்தது. கில்மான் மூக்கில் குழாயோடு கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார். உதடு வெடித்திருந்தது. போங்ரே நனைத்த பஞ்சால் துடைத்துவிட்டபடி குனிந்து காதோரம் கேட்டாள்.

"ஏங்க, நெசத்தைச் சொல்லுங்க. சத்தியமா திட்ட மாட்டேன். பழம் தின்னீங்களா?"

"இல்லே."

"ஒண்ணு?"

"இல்லேடி."

"பாதி? சீவுறப்போ உடைஞ்சது, தெரியாம வாயில போட்டது… அப்படி ஏதாவது?"

கில்மான் தலையைத் திருப்பி அவளைப் பார்த்தார். அவ்வளவு நெருக்கத்தில் அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்து நாளாகியிருந்தது.

"தின்னேன்னு சொன்னா உனக்கு நல்லா இருக்குமா?" என்றார்.

அவர் கேட்டது சரியாக அந்த இடத்தில் போய்த் தைத்தது. வருஷம் பூரா அந்த மனுஷன் வாயிலிருந்து எதை வரவழைக்க அவள் மல்லுக்கு நின்றாளோ, அது இப்போது வந்துவிடாதா என்றுதான் கெஞ்சிக்கொண்டிருந்தாள். அவர் பொய்யர் என்றால் உள்ளே இருப்பது வெறும் பழம், எடுத்துப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போகலாம். அவர் சொன்னது நிஜமென்றால் உள்ளே வேறு எதுவோ இருக்கிறது.

தள்ளுவண்டி உள்ளே போய்க் கதவு சாத்திக்கொண்டது. வெளியே பெஞ்சில் உட்கார்ந்து, மலைத்தெய்வத்தையும் புத்தரையும் செத்துப்போன மாமியாரையும் வரிசையாகக் கூப்பிட்டாள். 'என் புருஷன் பொய்யனா இருக்கட்டும். திருட்டுத்தனமாத் தின்னவனாவே இருக்கட்டும். கூடை கூடையாத் தின்னிருக்கட்டும்.'

மல்சூன் பக்கத்தில் உட்கார்ந்து கறுத்த விரல்களைத் தேய்த்துத் தேய்த்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். "பழந்தான்" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "பழமாத்தான் இருக்கும், இல்லே?" என்றாள். அவள் போங்ரேயிடம் இப்படி அபிப்பிராயம் கேட்டது அதுதான் முதல் தடவை.

"பழமாத்தான் இருக்கும் மதினி" என்றாள் போங்ரே.

சாயங்கால வெயில் ஜன்னல் ஓரத்துக்கு வந்தபோது டாக்டர் கூக் வெளியே வந்தாள். ஆள் பிழைத்துக்கொண்டார் என்றாள் முதலில். உள்ளே போன குடலில் கொஞ்சம் ரத்த ஓட்டம் இல்லாமல் கறுத்துவிட்டது, அந்தத் துண்டை வெட்டிவிட்டு இரண்டு முனையையும் சேர்த்துத் தைத்தாகிவிட்டது. கையில் மூடிபோட்ட ஒரு தட்டம் இருந்தது.

"உள்ளே இருந்ததை வீட்டாளுங்களுக்குக் காட்டறது வழக்கம். பாக்கணும்னு கட்டாயம் இல்லை."

"நான் பாக்கறேன்" என்றாள் போங்ரே. மல்சூன் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

புறா முட்டை அளவுதான் இருந்தது. மேலே சிவந்து, வழுவழுப்பாக. கீறிவிட்ட இடத்தில் உள்ளே வெளிறிப்போய், முற்றின முள்ளங்கி மாதிரி. இத்தனை சின்னதா அத்தனை பெரிய ஆளைக் கவிழ்த்தது என்று அவளுக்கு நம்ப முடியவில்லை. குனிந்து இன்னும் கிட்டத்தில் பார்த்தாள்.

"ஐயே! இதுக்குக் காம்பு இருக்கே!"

மல்சூன் படக்கென்று கண்ணைத் திறந்தாள். "காம்பா? பாத்தியா, நான் சொல்லலே? பழந்தான்!"

டாக்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "பழம் இல்லைம்மா. பழத்துல ரத்தம் ஓடாது. இதுல ஓடியிருக்கு. உங்க தம்பி குடல்லயே முளைச்சுத் தொங்கிட்டு இருந்தது. சாப்பாடு போறப்போ எல்லாம் குடல் இதையும் சாப்பாடுன்னு நினைச்சுத் தள்ளப் பாத்திருக்கு. இது முன்னாடி போக, கூடவே குடலும் போயிருக்கு. வயித்துல பழம் ஒரு துணுக்குகூட இல்லை."

ஒரு துணுக்குகூட இல்லை. போங்ரே பெஞ்சைத் தடவிப் பார்த்து உட்கார்ந்தாள்.

என்ன ஜாதிக் கட்டி, நல்லதா கெட்டதா என்று சோதனைக்கு அனுப்பியிருக்கிறது, முடிவு வர ஒரு வாரம் ஆகும் என்றார்கள். மல்சூன் மறுநாளே ஊருக்குப் போய்விட்டாள். சீவின காய் தொங்காமல் கிடந்தால் புளித்துவிடும். அதற்கு ஆள் வேண்டும்.

போங்ரே ஆஸ்பத்திரியில் கட்டிலுக்குக் கீழே இருந்த தாழ்ந்த பெஞ்சில் படுத்துக்கொண்டாள். வயிறு அறுத்தவர்கள் வார்டில் காலையும் மாலையும் ஒரே கேள்விதான். காற்று பிரிந்ததா? பிரிந்தால் குடல் விழித்துக்கொண்டது என்று அர்த்தம், தண்ணீர் தருவார்கள், கஞ்சி தருவார்கள். பிரியாதவரை பட்டினி. பக்கத்துக் கட்டில்காரருக்கு ஒரு காலையில் பிரிந்துவிட்டது. அவர் மருமகள் வராந்தா வரைக்கும் ஓடி நர்ஸிடம் சொன்னாள். வார்டே கை தட்டியது. யாங்கும் தினமும் போன் போட்டாள். "வந்துருச்சா?" என்பாள், எடுத்ததும். "இன்னும் இல்லே" என்பாள் போங்ரே. ஊர் மொத்தமும் மழைக்குக் காத்திருப்பது மாதிரி காத்திருந்தது.

நடந்தால் சீக்கிரம் வரும் என்று நர்ஸ் சொன்னாள். சலைன் தொங்கும் கம்பியை ஒரு கையாலும் கில்மானை ஒரு கையாலும் பிடித்துக்கொண்டு போங்ரே வராந்தாவில் நடக்கவிட்டாள். கோடி ஜன்னலுக்கு வெளியே ஆற்றங்கரை மரங்கள் இலை உதிர்த்துக்கொண்டிருந்தன. இரண்டு பேரும் அங்கே நின்றார்கள்.

"வருசம் பூரா அந்தப் பேச்சுப் பேசினேனே" என்றாள் அவள், ஜன்னலைப் பார்த்துக்கொண்டு. "ஒருநாள் திருப்பி ஒரு சத்தம் போட்டிருக்கலாமில்லே? ஒரு தட்டையாவது தூக்கி எறிஞ்சிருக்கலாம். நானும் என்ன ஏதுன்னு யோசிச்சிருப்பேன்."

கில்மான் கம்பியின் சக்கரத்தைக் காலால் முன்னும் பின்னும் உருட்டினார்.

"முதல்ல கோவமாத்தான் இருந்துச்சு. நீ சொன்னே, அக்கா சொன்னா, யாங்கும் சொன்னா, டவுன் டாக்டரும் சொன்னாரு. அத்தனை பேரும் சொன்னா அப்புறம் எனக்கே சந்தேகம் வந்துருச்சு. தூக்கத்துல எந்திரிச்சுப் போய்த் திங்கிறேனோன்னு."

"என்ன பேசறீங்க?"

"நெசமாத்தான். காலையில எந்திரிச்சதும் வாயை முகர்ந்து பாப்பேன். பழ வாடை அடிக்குதான்னு. கொட்டகைக்குப் போய்ச் சரத்துல எங்கேயாவது காலியா இருக்கான்னு தேடுவேன். ஒரு தடவை ஒரு கொக்கி காலியா இருந்துச்சு. கீழே விழுந்ததோ, அணில் கொண்டு போச்சோ. அன்னிக்குப் பூரா, 'நாந்தான் தின்னுட்டேன்'னு நினைச்சுட்டு இருந்தேன். நீ திட்டினப்போ அன்னிக்கு நான் 'இல்லே'ன்னு சொல்லலே. கவனிச்சியா?"

அவள் கவனித்திருந்தாள். அன்றைக்குப் போங்ரேக்கு ஜெயித்த சந்தோஷம். யாங்குமிடம்கூடப் பெருமையாகச் சொல்லிக்கொண்டாள், 'ஒருவழியா ஒத்துக்கிட்டாரு' என்று.

அவள் அவர் பக்கம் திரும்பினாள். அதற்குள் கில்மானின் முகம் ஒரு தினுசாகப் போயிற்று. கம்பியை இறுகப் பிடித்தார்.

"என்னங்க? வலிக்குதா?"

"இரு."

அப்புறம் வந்தது. தொழுவத்தில் கட்டிய எருது விடுகிற பெருமூச்சு மாதிரி, நீளமாக, தயங்கித் தயங்கி, வராந்தாவின் மறுகோடியில் இருந்த நர்ஸ் தலையைத் தூக்கிப் பார்க்கும்படி. போங்ரே வாயைப் பொத்திக்கொண்டாள். முடியவில்லை. அழுகையும் சிரிப்பும் ஒன்றாகப் பிடுங்கிக்கொண்டு வர, சுவரைப் பிடித்துக் குனிந்துவிட்டாள். "சிரிக்க வைக்காதேடி, தையல் பிய்யுது" என்று கில்மான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினார். சாயங்காலம் கஞ்சி வந்தது. கஞ்சியென்றால் கஞ்சித் தெளிவு. அதை அவர் ஸ்பூன் ஸ்பூனாகக் குடிப்பதை அவள் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தாள். வயிற்றில் மேடு எழும்பவில்லை.

சோதனை முடிவு வந்த அன்று டாக்டர் கூக் தன் அறைக்குக் கூப்பிட்டாள். முகத்தைப் பார்த்தபோதே போங்ரேக்குப் பாதி உயிர் வந்துவிட்டது.

"கெட்ட கட்டி இல்லை. பரவாது. திரும்ப வர்றதும் அபூர்வம். ஆனா ரொம்ப அரிதான ஜாதி. என் அனுபவத்துல இதோட ரெண்டாவது தடவைதான் பாக்கறேன்." ஒரு நீளமான பேரைச் சொன்னாள். போங்ரே திருப்பிச் சொல்லிப் பார்த்தாள். நாக்கு சுளுக்கிக்கொண்டது.

"எதனால வருது டாக்டர்? நான் சமைக்கிறதுல உப்பு, காரம் ஏதாவது…"

"இல்லைம்மா."

"கோலா?"

"இல்லை."

"மலைக்காத்துல நிக்கறதாலயா?"

"எதனாலன்னு இன்னும் யாருக்கும் தெரியாது. யாரும் ஒண்ணும் பண்ணி வர்றதில்லை."

காரணமே இல்லாமல் ஒன்று முளைக்கும், யாரையும் கைகாட்ட முடியாது என்பது போங்ரேக்குப் புதிதாக இருந்தது. ஒரு பக்கம் மனசுக்கு ஒப்பவில்லை, இன்னொரு பக்கம் ஆச்சரியமாகவும் இருந்தது.

"ஒரு விசயம்" என்றாள் டாக்டர், கில்மானைப் பார்த்து. "அறுத்துச் சேர்த்த குடல். இனிமே கொஞ்ச காலத்துக்குப் பழம் மட்டும் வேண்டாம். காய்ஞ்சதோ பழுத்ததோ, எதுவும் வேண்டாம்."

"சரிங்க டாக்டர்" என்றார் கில்மான் பவ்யமாக. "பழகின விசயந்தான்."

பஸ்ஸில் போங்ரே அந்தக் கட்டியின் பேரை முணுமுணுத்துக்கொண்டே வந்தாள். ஊர் எல்லைக்கு வரும்போது பாதி உதிர்ந்துவிட்டது.

வீட்டுக்குள் போகாமல் நேரே கொட்டகைக்குத்தான் போனார்கள். மேல்தட்டிலிருந்து தரை வரைக்கும் சரங்கள் இறங்கியிருந்தன. நல்ல காற்று. பழமெல்லாம் சுருங்கி நிறம் மாறத் தொடங்கியிருந்தது. கடைசி மூட்டைகளைச் சீவிக்கொண்டிருந்த பெண்கள் கில்மானைக் கண்டதும் ஹோவென்று சத்தம் போட்டார்கள்.

"வாங்க வாங்க! முழுப்பழத்தைக் காம்போட முழுங்கினவரு வந்துட்டாரு!" என்றாள் யாங்கும். "கொக்கியையும் சேத்து முழுங்கியிருந்தா குடல்லயே தொங்கவிட்டு வத்தல் போட்டிருக்கலாம்!"

கொட்டகை அதிர்ந்தது. மல்சூன் வந்து சேர்ந்த அன்றே, காம்போடு பழத்தை எடுத்தார்கள் என்று ஊருக்குச் சொல்லியிருந்தாள். அவள் இப்போது மிஷினுக்குப் பின்னால் குனிந்து எதையோ தேடுவது மாதிரி இருந்தாள்.

கில்மான் தலையைச் சொறிந்துகொண்டு, மாட்டிக்கொண்ட பையன் மாதிரி இளித்தார். அந்த இளிப்பைப் போங்ரே பார்த்தாள். இன்னும் கொஞ்ச நேரம் போனால், ஆமாம் தின்றேன் என்றே சொல்லிவிடுவார் என்று தோன்றியது அவளுக்கு. போய் மிஷினை நிறுத்தினாள்.

"அவரு ஒண்ணும் திங்கலே" என்றாள்.

சிரிப்பு உடனே அடங்கவில்லை. அவள் குரலை உயர்த்தினாள். அந்தக் கொட்டகையில் யாரும் கேட்டறியாத குரல் அது.

"மதினி, நீங்களும் கேட்டுக்கோங்க. உங்க தம்பி வயித்துல ஒரு துணுக்குப் பழம் இல்லே. அது அவரு உடம்புல தானா முளைச்ச கட்டி. எதனாலன்னு டாக்டருக்கே தெரியாது. இந்த மனுசன் பழத்தைத் திங்கலே. நாந்தான் ஒரு வருசமா இவரு உசிரைத் தின்னேன். கூட உக்காந்து நீங்க எல்லாரும் தின்னீங்க."

கொக்கிகள் கையில் அப்படியே நின்றன. யாங்கும் குனிந்து மடியிலிருந்த காம்புத் துணுக்கைப் பொறுக்கினாள். மல்சூன் நிமிர்ந்தாள். கறுத்த கையை இடுப்பில் கட்டியிருந்த துணியில் துடைத்துக்கொண்டு தம்பியின் பக்கத்தில் வந்து நின்றாள்.

"போங்ரே" என்றாள், தம்பியைப் பார்த்துக்கொண்டே. "இவனுக்கு அரிசிக்கஞ்சி ஆகுமா, இல்லே தெளிவு மட்டுந்தானா?"

"கஞ்சியே ஆகும் மதினி."

"நான் போட்டுக் கொண்டாரேன்" என்று அவள் விறுவிறுவென்று எதிர்வீட்டுக்கு நடந்தாள்.

கில்மான் கவிழ்த்திருந்த கூடை ஒன்றின்மேல் மெள்ள உட்கார்ந்தார். குல்லாயைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். யாரையும் பார்க்காமல், தரையைப் பார்த்து, "நான் திங்கலே" என்றார். யாரும் மறுத்துப் பேசவில்லை. இன்னொரு தடவை, கொஞ்சம் சத்தமாகவே சொன்னார்.